ஆணியில் தொங்கும் தட்டு

ஜனவரி 2

மரக் காண்ட்ராக்ட் முதலாளி ஆளுக்கொரு டைரி கொடுத்தனுப்பியிருக்கிறார். அட்டையில் பிள்ளையார், முதல் பக்கத்தில் முதலாளியே சிரிக்கிறார். வெட்டுக்காரர்களில் பாதிப் பேர் அதைக் கிழித்துத்தான் பீடி பற்றவைக்கப் போகிறார்கள். நான் பத்தாவது வரை படித்தவள். பவளக்கொடிக்கு எழுதத் தெரியும் என்பதை யாரும் பார்க்கப் போவதில்லை என்றாலும் எழுதுகிறேன்.

ஊர் கூப்புமேடு. கூப்பு என்றால் மரம் வெட்டக் குத்தகைக்கு விட்ட காடு. கொடைக்கானல் மலைக்குப் பின்பக்கம். ஒரு தெரு, இரண்டு வரிசை லைன் வீடு, மரம் அடுக்கும் களம், ஒரு மாரியம்மன், சிலுவை நட்ட ஒரு குருசடி, ஒரு டீக்கடை, என் மெஸ். பஸ் காலையில் வரும், சாயங்காலம் வரும், சில நாள் மனசு வந்தால் வரும்.

இன்று காட்டுமாடு வேலியைத் தள்ளிக்கொண்டு வந்து சௌசௌக் கொடியை முழுசாகத் தின்றுவிட்டது. விரட்டப் போனேன். அது என்னை ஒரு பார்வை பார்த்தது, நான் உள்ளே வந்துவிட்டேன்.

ஜனவரி 5

மேஸ்திரி செல்லையா அண்ணன் புது வெட்டுக்காரர்கள் நாலு பேருக்கு இன்று சுவரைக் காட்டினார். வருஷா வருஷம் நடக்கும் சடங்கு இது.

மெஸ் முன்சுவரில் வரிசையாக ஆணி. ஆளுக்கு ஒரு ஆணி, ஒரு தட்டு. விளிம்பில் ஓட்டை போட்டிருக்கும். காலையில் கஞ்சி குடித்ததும் அவனவன் தட்டை அவனவன் கழுவி ஆணியில் மாட்டிவிட்டுக் காடேற வேண்டும். இறங்கி வந்ததும் முதல் வேலை தட்டை எடுப்பது. இருட்டுகிற நேரம் மேஸ்திரி வந்து சுவரைப் பார்ப்பார். தட்டு எதுவும் இல்லையென்றால் எல்லோரும் இறங்கியாயிற்று. மணியாகத் தொங்கவிட்ட தண்டவாளத் துண்டை அடிப்பார், டிராக்டர் ஷெட்டுக்குப் போகும், காட்டுக் கேட்டைப் பூட்டுவார்கள். ஒரு தட்டு தொங்கினாலும் டார்ச்சை எடுத்துக்கொண்டு ஆட்கள் மேலே போயாக வேண்டும்.

"ஆணியில தட்டு இருந்தா ஆளு காட்டுல. அடுத்தவன் தட்டத் தொட்டா கைய ஒடிச்சிருவேன்" என்றார் அண்ணன். வருஷா வருஷம் ஒடிப்பதாகச் சொல்கிறார், ஒருத்தன் கையும் ஒடிந்ததில்லை. புதுசாக வந்தவர்கள் மட்டும் பயந்துகொண்டு நின்றார்கள்.

ஜனவரி 8

விறகு ஈரம். கண் எரிகிறது. காடெல்லாம் மரம், எரிக்கக் காய்ந்த விறகு இல்லை.

ஜனவரி 10

கடைசியாக இறங்கி வருகிறவர் மாசிலாமணி. மெஷின் வாள் பிடிக்கிறவர். வெட்டிய மரம் சில சமயம் தரைக்கு வராமல் பக்கத்து மரத்தில் சாய்ந்து நின்றுவிடும். மற்றவர்கள் காலையில் பார்த்துக்கொள்ளலாம் என்று இறங்கிவிடுவார்கள். இவர் விடமாட்டார். ராத்திரி காற்றில் அது விழும், காலையில் முதலில் போகிறவன் தலையில் விழும் என்பார். நின்று அதைத் தரைக்குக் கொண்டுவந்துவிட்டுத்தான் வருவார். வரும்போது குழம்பு ஆறி, சோறு விறைத்துப் போயிருக்கும். ஒரு நாளும் குறை சொன்னதில்லை.

மெஸ்ஸில் எல்லோரும் என்னை அக்கா என்பார்கள், மதினி என்பார்கள். மேஸ்திரி பெயர் சொல்லுவார். மாசிலாமணி எந்தப் பெயரும் சொன்னதில்லை. "இந்தாங்க" என்று தட்டை நீட்டுவார், அவ்வளவுதான். நானும் அவரை அண்ணே என்று கூப்பிட்டதில்லை. இரண்டு பேருக்கும் ஏறக்குறைய ஒரே வயசு, அதனால்தான்.

ஜனவரி 12

எவர்சில்வர் தட்டு இந்தக் குளிரில் ஐஸ்கட்டி. அதில் சுடுசோறு போட்டாலும் போட்ட மாத்திரத்தில் சூடு போய்விடுகிறது. இன்று மாசிலாமணி காட்டுப் பாதை வளைவில் இறங்குவது தெரிந்ததும் அவர் தட்டை எடுத்து வெந்நீர் ஊற்றித் துடைத்து அடுப்புத் திட்டில் வைத்தேன். மேஸ்திரி அதற்கு முன்பே பார்த்துவிட்டு, "மாசிலாமணி பாக்கி, அந்தா வர்றான்" என்று சொல்லியாயிற்று. அதனால் ஒன்றும் தப்பில்லை.

சோறு போட்டதும் அவர் தட்டைத் தொட்டுப் பார்த்தார். இரண்டு கையாலும் கொஞ்ச நேரம் பிடித்துக்கொண்டிருந்தார். குழம்பு இரண்டாம் தரம் கேட்டு வாங்கினார்.

ஜனவரி 15

பொங்கல். எல்லோரும் கீழே போய்விட்டார்கள். மாசிலாமணி வத்தலக்குண்டில் மகள் வீட்டுக்கு. மனைவி செத்துப் பல வருஷமாயிற்று, மகள்தான் எல்லாம்.

நான் யார் வீட்டுக்குப் போவது? என் வீட்டுக்காரர் திருப்பூரில் இருக்கிறார். அங்கே அவருக்கு இரண்டு பிள்ளைகள். தாலி என் கழுத்தில் இருக்கிறது, அதுவும் கழற்றிப் போட ஒரு நல்ல நாள் பார்க்க வேண்டும் என்று நினைத்து நினைத்தே இருக்கிறது.

பொங்கல் வைத்தேன். ஒருத்திக்கு வைத்தாலும் பொங்கத்தான் செய்கிறது. நாய்க்குப் பாதி.

ஜனவரி 19

எல்லோரும் வந்துவிட்டார்கள். மாசிலாமணி ஒரு சீப்பு சிறுமலைப் பழம் கொண்டுவந்து மேசையில் வைத்தார். "மெஸ்ஸுக்கு" என்றார். மெஸ்ஸில் இருபது பேர் சாப்பிடுகிறார்கள், ஒரு சீப்பு யார் வாய்க்கு? உள்ளே எடுத்து வைத்துவிட்டேன்.

ஜனவரி 27

ஒரு வாரமாக மூடுபனி. வளைவு தெரிவதில்லை. ஆனால் சத்தம் கேட்கும். எல்லா வாளும் அடங்கின பிறகு மேலே ஒரு வாள் மட்டும் இரைந்துகொண்டிருக்கும். அது மாசிலாமணியுடையது. அது நின்றால் அவர் கிளம்பிவிட்டார் என்று அர்த்தம். நான் அப்போதே தட்டை எடுத்துவிடுகிறேன். தட்டு சூடாவதற்குள் ஆள் வாசலில் நிற்பார். மேஸ்திரி வந்து பார்க்கும்போது சுவர் காலியாக இருக்கும், அவர் தண்டவாளத்தை அடிப்பார், அடித்து முடிக்கும்போது இவரும் வந்துவிடுவார். ஒரு நாளும் பிசகியதில்லை.

பிப்ரவரி 4

டிராக்டர் ஓட்டுகிற பீர்முகமதுக்கு வாய் சும்மா இருக்காது. எல்லோரும் சாப்பிடும்போது மாசிலாமணியின் தட்டில் கை வைத்துப் பார்த்தான். "ஏய், இங்க வந்து தொட்டுப் பாருங்கய்யா. நமக்கெல்லாம் ஐஸ்பெட்டி, அண்ணனுக்கு மட்டும் தோசைக்கல்லு." சிரிப்பு. ஒருத்தன் இருமுவது போல இருமினான்.

மாசிலாமணி முகம் கறுத்துவிட்டது. தட்டைக் கீழே வைத்தார். தரையைப் பார்த்துக்கொண்டுதான் சொன்னார், ஆனால் எல்லோருக்கும் கேட்டது. "அவனவன் தட்ட அவனவன் எடுக்குறதுதான் மொறை. இனிமே ஏந்தட்டத் தொடாதீங்க."

நான் என்ன கொள்ளையா அடித்தேன்? நல்லதுக்குக் காலமில்லை. இனிமேல் விறைத்த சோற்றைத் தின்னட்டும்.

பிப்ரவரி 5

தொடவில்லை.

பிப்ரவரி 6

தொடவில்லை. அவரே எடுத்தார், அவரே கழுவினார். குழம்பு இரண்டாம் தரம் கேட்கவில்லை. இன்று தேங்காய் அரைத்து விட்டிருந்தேன், எல்லோரும் கேட்டார்கள்.

பிப்ரவரி 9

டீ போடுகிற கேஸ் அடுப்புக்கு சிலிண்டர் வரவில்லை. பல் வலி. கிராம்பு வைத்திருக்கிறேன்.

பிப்ரவரி 11

காலையிலிருந்து தூறல். டீக்கடை ஆள் கீழேயிருந்து நெத்திலிக் கருவாடு கொண்டுவந்தான், கத்திரிக்காய் போட்டுக் குழம்பு வைத்தேன். மாசிலாமணிக்கு அது பிடிக்கும் என்பதற்காக வைக்கவில்லை, கருவாடு வந்தது, வைத்தேன்.

மேலே ஒற்றை வாள் இரைந்துகொண்டிருந்தது, பிறகு நின்றது. நான் சும்மாதான் இருந்தேன். வாசலுக்குப் போய்ப் பார்த்தேன். அவர் தட்டு மட்டும் தொங்குகிறது, அதன்மேல் சாரல் அடித்துத் தண்ணீர் சொட்டுகிறது. நனைந்த தட்டில் எப்படிச் சாப்பிடுவது? எடுத்தேன். கோபித்தால் கோபிக்கட்டும், கோபித்தாலாவது என்னைப் பார்த்து ஒரு வார்த்தை சொல்லுவார். வெந்நீர் ஊற்றித் துடைத்து, சோறு போட்டு, குழம்பு ஊற்றி, மேலே இன்னொரு தட்டைக் கவிழ்த்துத் திட்டில் வைத்தேன்.

மேஸ்திரி குடையோடு வந்தார். சுவரைப் பார்த்தார். தண்டவாளத்தை அடித்துவிட்டுப் போனார்.

எல்லோரும் சாப்பிட்டாயிற்று. அவர் இன்னும் வரவில்லை. எனக்குப் புரிகிறது. வாசல்வரை வந்திருப்பார், ஆணி காலியாக இருப்பதைப் பார்த்திருப்பார், "தொடாதேன்னு சொல்லியும் தொட்டாளே" என்று அப்படியே லைன் வீட்டுக்குப் போயிருப்பார். சாப்பாட்டின் மேல் என்ன கோபம்? வீம்பு பிடித்த மனுஷன்.

போய்க் கூப்பிடலாமா? பீர்முகமது வீடு பக்கத்தில்தான், பார்த்தால் நாளைக்கு ஊரே சிரிக்கும். கூப்பிடப் போவதில்லை.

குழம்பு ஆறிவிட்டது. திரும்பச் சுட வைத்தேன்.

அது மறுபடியும் ஆறிவிட்டது. ஆனது ஆகட்டும், தட்டைக் கொண்டுபோய் அவர் வாசலில் வைத்துவிட்டு வருகிறேன். ஒரு வார்த்தையும் பேசமாட்டேன்.

பிப்ரவரி 12

லைன் வீடு பூட்டிக் கிடந்தது.

பிப்ரவரி 14

இரண்டு நாளாக எழுத உட்கார்ந்து எழுந்துவிட்டேன். இன்று எழுதிவிடுகிறேன்.

பூட்டைப் பார்த்ததும் மேஸ்திரி வீட்டுக்கு ஓடினேன். "மாசிலாமணி வீட்ல இல்லண்ணே" என்றேன். "தட்டு இல்லையே தாயி, நான் பாத்தேனே" என்று சொல்லிக்கொண்டே அவர் டார்ச்சை எடுத்தார். கேட்டைத் திறந்து, டிராக்டரை எடுத்து, எல்லோரும் மேலே போனார்கள். நான் கேட் பக்கத்தில் நின்றேன். இறங்கி வரும்போது டிரெய்லரில் தார்ப்பாய் மேல் அவர் கிடந்தார். சாய்ந்து நின்ற தைல மரம் திரும்பிக் காலில் இறங்கியிருக்கிறது. நினைவு இருந்தது. என்னைப் பார்த்தாரா என்று தெரியவில்லை. அப்படியே கீழே கொண்டுபோனார்கள்.

பீர்முகமது இன்றுதான் திரும்பி வந்தான். திண்டுக்கல் ஆஸ்பத்திரியில் முழங்காலுக்குக் கீழே எடுத்துவிட்டார்களாம். "கொஞ்சம் முன்னக்கூட்டிக் கொண்டாந்திருந்தா கால காப்பாத்திருக்கலாம்னு டாக்டரு சொன்னாருக்கா."

டீ கேட்டான். போட்டுக் கொடுத்தேன். குடிக்காமல் டம்ளரைப் பார்த்துக்கொண்டே சொன்னான். "வழியெல்லாம் அண்ணனுக்கு ஒரே பேச்சுத்தான். 'ஏந்தட்டு தொங்கும்ல பீரு, ஆளு வந்துருவாங்க வந்துருவாங்கன்னுதான் கத்தாமப் படுத்திருந்தேன்'னு."

பிப்ரவரி 15

அந்தத் தட்டை இன்னும் கழுவவில்லை. அரிசிப் பானைக்குப் பின்னால் வைத்திருக்கிறேன்.

பிப்ரவரி 16

மேஸ்திரி தண்ணி போட்டுவிட்டுப் பார்க்காமலே அடித்துவிட்டார், பிறகு தட்டையும் அவரே மறைத்துவிட்டார் என்று பேச்சு. புதிதாக வந்த நாலு பேரும்தான் கிளப்பியது, இப்போது பழையவர்களும் தலையாட்டுகிறார்கள். அண்ணன் மாலை போட்டுக் கோயிலுக்குப் போய்வந்ததிலிருந்து சொட்டுக்கூடத் தொடுவதில்லை. எல்லோருக்கும் அது தெரியும். ஆனாலும் ஒரு கால் போயிருக்கிறது, யாராவது ஒருத்தர் தலையில் வைக்க வேண்டுமே.

பிப்ரவரி 17

மேஸ்திரி மத்தியானம் வந்தார். மெஸ்ஸில் யாரும் இல்லை. பெஞ்சில் உட்காராமல் நின்றுகொண்டே கேட்டார்.

"நீ வாசல்லயேதான இருக்க பவளம். நீ சொன்னா நம்புவாங்க. அன்னைக்கி ஆணியில தட்டு இல்லதான?"

"நான் கவனிக்கலண்ணே."

"அவன் தட்டு எங்கதான் போச்சு?"

"தெரியலண்ணே."

சுவரைப் போய்ப் பார்த்தார். அந்த ஆணியை விரலால் ஒருமுறை அசைத்துப் பார்த்தார், ஆணி மேல் தப்பு இருக்குமோ என்பது போல. பிறகு போய்விட்டார். எனக்குக் கருவேப்பிலை ஆய வேண்டிய வேலை இருந்தது.

பிப்ரவரி 18

முதலாளி நாளைக்கு வருகிறாராம். மேஸ்திரி வேலையை விட்டுப் போக வேண்டியதுதான் என்கிறார்கள். இரண்டாவது மகளுக்கு வைகாசியில் கல்யாணம்.

நான் சொன்னால் என்ன ஆகும் என்று உட்கார்ந்து யோசித்தேன். ஏன் எடுத்தாய் என்பார்கள். சூடு பண்ண என்று சொல்ல வேண்டும். ஏன் அவர் தட்டை மட்டும் என்பார்கள். அதற்குப் பிறகு நான் இந்தத் தெருவில் தண்ணீர் பிடிக்கப் போக முடியாது. புருஷன் விட்டுப்போனவள் என்று இத்தனை நாள் பாவம் பார்த்தவர்கள் வேறு மாதிரிப் பார்ப்பார்கள். இதெல்லாம்கூடப் பரவாயில்லை. அவர் காதுக்குப் போகும். என்னால்தான் கால் போனது என்று அவருக்குத் தெரியும். அதைத்தான் என்னால் தாங்க முடியாது.

சொல்லப் போவதில்லை.

பிப்ரவரி 19

சொல்லிவிட்டேன்.

களத்தில் நாற்காலி போட்டு முதலாளி உட்கார்ந்திருந்தார். சுற்றி எல்லோரும். மேஸ்திரி துண்டைக் கையில் பிடித்துக்கொண்டு நின்றார். "எம்மக்க மேல சத்தியமா பாத்தேன் மொதலாளி, தட்டு இல்ல" என்றார். யாரோ சிரித்தார்கள். அந்தச் சிரிப்புத்தான் எனக்குப் பொறுக்கவில்லை. உள்ளே போய்ப் பானைக்குப் பின்னாலிருந்து தட்டை எடுத்து வந்தேன். சோறு பூசணம் பூத்திருந்தது. அப்படியே கொண்டுபோய் முதலாளி காலடியில் வைத்தேன்.

"மேஸ்திரியண்ணன் பாத்தது நெசம். நாந்தான் எடுத்தேன்."

"எதுக்கும்மா எடுத்த?"

"சூடு பண்ண."

"எல்லார் தட்டையுமா?"

"இல்ல. அவரு தட்ட மட்டும்."

யாரும் சிரிக்கவில்லை. பீர்முகமது தலையைக் குனிந்துகொண்டான். முதலாளி மூக்கைப் பொத்திக்கொண்டு தட்டையே பார்த்தார். இனி ஒழுங்காக இருங்கள் என்று பொதுவாகச் சொல்லிவிட்டு ஜீப்பில் ஏறிப் போனார்.

கூட்டம் கலைந்தது. மேஸ்திரி என்னை ஒன்றும் கேட்கவில்லை. திட்டியிருந்தால் நன்றாக இருந்திருக்கும். தட்டை எடுத்துக்கொண்டு குழாயடிக்குப் போனார், சாம்பல் போட்டுத் தேய்த்தார், கொண்டுவந்து அதே ஆணியில் மாட்டினார். "அவன் இன்னும் எறங்கி வரல. வந்து அவனே எடுக்கட்டும்" என்றார்.

பிப்ரவரி 24

ஏழு பேர் சாப்பாட்டை நிறுத்திவிட்டார்கள். டீக்கடையில் புரோட்டா போடுகிறார்களாம். தண்ணீர் பிடிக்க எல்லோரும் பிடித்து முடித்த பிறகு போகிறேன்.

மார்ச் 3

ஒவ்வொரு சாயங்காலமும் மேஸ்திரி வருகிறார், சுவரைப் பார்க்கிறார். அந்த ஒரு தட்டு தொங்குகிறது. "அது தவிர சுவர் சுத்தம்" என்று சத்தமாகச் சொல்லிவிட்டுப் போய் அடிக்கிறார். எனக்காகச் சொல்கிறாரா, தனக்காகச் சொல்கிறாரா தெரியவில்லை.

மார்ச் 11

மேலே வாள்கள் அடங்கின பிறகு காது கொடுத்துப் பார்க்கிறேன். ஒற்றை வாள் இல்லை. சாய்ந்த மரத்தைச் சாய்ந்தபடியே விட்டுவிட்டு எல்லோரும் நேரத்தோடு இறங்கிவிடுகிறார்கள். சோறு யாருக்கும் ஆறுவதில்லை.

மார்ச் 20

பல்லைப் பிடுங்கிவிட்டேன். வத்தலக்குண்டுவரை பஸ்ஸில் போய்வந்தேன். மாசிலாமணி மகள் இருக்கிற தெருப் பெயரைப் பீர்முகமது சொல்லியிருந்தான். தெருமுனையில் நின்றேன். கன்னம் வீங்கியிருந்தது, இந்த முகத்தோடு எப்படிப் போவது என்று திரும்பிவிட்டேன்.

ஏப்ரல் 2

மாசிலாமணி வந்தார்.

காலை பஸ்ஸில். மகள் ஜெயராணி கூட வந்தாள். லைன் வீட்டைக் காலி செய்து சாமான்களை எடுத்துப்போக வந்திருக்கிறார்கள். அக்குளில் கட்டை, வேட்டியை மடித்து ஊக்குப் போட்டிருந்தார். களத்தில் எல்லோரும் எழுந்து நின்றார்கள். நான் அடுப்படியிலிருந்து வெளியே வரவில்லை. என்ன முகத்தோடு வருவது?

சாமான் ஒரு மூட்டைகூடத் தேறவில்லை. மத்தியானம் கட்டை ஊன்றுகிற சத்தம் மெஸ் வாசலில் கேட்டது. ஆணியிலிருந்து தட்டை எடுக்கிற சத்தமும் கேட்டது. உள்ளே வந்து பெஞ்சில் உட்கார்ந்து தட்டை மேசையில் வைத்தார். மகள் வாசலிலேயே நின்றாள். அவளுக்கு எல்லாம் தெரியும் என்பது நின்ற விதத்திலேயே தெரிந்தது.

நான் சோறு போட்டேன். குழம்பு ஊற்றினேன். அவர் இரண்டு கையாலும் தட்டைப் பிடித்துக்கொண்டு கொஞ்ச நேரம் இருந்தார்.

"தட்டு சில்லுனு இருக்கு, பவளம்" என்றார்.

அடுப்படிக்குள் போய்விட்டேன். அழுது முடிக்கிறவரை வெளியே வரவில்லை. வந்தபோது அவர் குழம்பு இரண்டாம் தரத்துக்காகக் காத்திருந்தார். ஊற்றினேன்.

சாப்பிட்டு முடித்ததும் ஜெயராணி பையை விரித்துப் பிடித்தாள். "தட்டையும் போட்டுருங்கப்பா, பஸ் வந்துரும்." அவர் குழாயடிக்குப் போய், கட்டையைச் சுவரில் சாய்த்து, ஒற்றைக் காலில் நின்றபடி தட்டைக் கழுவினார். நாங்கள் இரண்டு பேரும் பிடிக்கப் போனோம், வேண்டாம் என்றுவிட்டார். கழுவிய தட்டைக் கொண்டுவந்து அவர் ஆணியில் மாட்டினார்.

"அப்பா" என்றாள் மகள்.

"அது அங்க இருக்கட்டும்த்தா" என்றார்.

பஸ் போய்விட்டது. ஒற்றைக் காலோடு இந்த மேட்டில் அவருக்கு என்ன வேலை, மகள் எப்படி விடுவாள், எனக்குத் தெரியாதா என்ன?

சாயங்காலம் மேஸ்திரி வந்தார். சுவரைப் பார்த்தார், பிறகு என்னைப் பார்த்தார். இன்று "அது தவிர" என்று சொல்லவில்லை. போய்த் தண்டவாளத்தை அடித்தார்.

எனக்கு அந்த மனுஷன் வேண்டும். எழுதிவிட்டேன், இந்த வரியை இனி அடித்துத் திருத்தப் போவதில்லை.

தட்டு தொங்குகிறது. அதை நான் தொடவில்லை. அடுப்பில் வெந்நீர் மட்டும் வைத்துவிட்டு வந்தேன்.